சித்திர முகப்பின் குணதோஷங்கள்

அச்சில் வந்த கலைக்களஞ்சியம் அலமாரியில் நிற்கும்போதே, அதன் பரிமாணம் இன்னதென்று பார்ப்பவர் கண்ணுக்குத் தெரிந்துவிடுகிறது. பெரியசாமித் தூரன் முதன்மை ஆசிரியராக இருக்க, தமிழ் வளர்ச்சிக் கழகம் 1954 முதல் வெளியிட்ட கலைக்களஞ்சியத்தின் பத்துத் தொகுதிகளையும் ஒருசேரக் கண்டவர்கள், எந்த எழுத்து எந்தத் தொகுதியில் என்பதை அதன் முதுகைப் பார்த்தே அறிந்து, நாடிவந்த கட்டுரையைக் கண்டுபிடிப்பதற்குள் நாடாத கட்டுரைகள் பலவற்றையும் வழியில் புரட்டியிருப்பார்கள். இணையத்தில் உள்ள கலைக்களஞ்சியத்துக்கு இந்தச் சரீரம் கிடையாது. தமிழ் விக்கிப்பீடியாவில் இன்று 1,50,000-க்கும் மேற்பட்ட கட்டுரைகள் இருக்கின்றன. ஆயினும் வாசகர் முன் தோன்றுவது ஒரு திரையளவு இடமும் ஒரு தேடுபெட்டியுமே. அந்தப் பெட்டியோ கேட்கத் தெரிந்தவருக்கு மட்டுமே விடை சொல்லும் சுபாவம் உடையது. என்ன கேட்பதென்று இன்னும் தீர்மானிக்காமல் வந்து நிற்கிறவரை, இங்கே இன்னின்ன துறைகள் உண்டு, வேண்டியதைத் தொட்டு உள்ளே வரலாம் என்று வரவேற்பதற்காக ஏற்பட்டதே படங்களால் அமைந்த வழிகாட்டிப் பக்கம்.

விக்கிப்பீடியாவில் இத்தகைய பக்கங்கள் வலைவாசல் என்ற பெயரால் வழங்குகின்றன. வானியலுக்கு ஒன்று, உயிரியலுக்கு ஒன்று என்று துறைதோறும் ஒரு பக்கம். அதில் ஓர் அறிமுகம், ஒரு சிறப்புப் படம், தேர்ந்தெடுத்த கட்டுரை ஒன்று, உட்பிரிவுகளின் வரிசை, ஆங்காங்கே சிறு சின்னங்கள். சிலர் இதனினும் ஒரு படி மேலே சென்று, எழுத்தைக் கூடியவரை குறைத்து, கட்டம் கட்டமாகப் படங்களையே அடுக்கி, ஒவ்வொரு படமும் ஒரு துறைக்குள் திறக்கும்படி அமைக்கிறார்கள். படம் இருந்தால் கண் நிற்கும், கண் நின்றால் கை தொடும் என்பது இந்த முறையைப் போற்றுவோரின் கட்சி. அந்தக் கட்சியில் உண்மை இல்லாமலில்லை. ஆனால் கண்ணை நிறுத்துவது வேறு, வழியைக் காட்டுவது வேறு. ஒரு விஷயத்துக்கு இயல்பாகவே இடமும் கிரமமும் அமைந்திருக்குமானால் அங்கே படம் எழுத்தைவிடச் சிறந்த வழிகாட்டி. அவை இல்லாத இடத்திலோ அது அலங்காரம் மட்டுமே, சில வேளைகளில் அலங்காரத்தினும் கீழ்ப்பட்டதாகி வழி தப்பவும் செய்துவிடுகிறது என்பது என் அபிப்பிராயம்.

அறிவுலகம் முழுவதையும் ஒரே பார்வையில் காட்டிவிட வேண்டும் என்ற ஆசை கணினிக்கு வெகு காலம் முந்தியது. 1728-ல் ஈஃப்ரயிம் சேம்பர்ஸ் லண்டனில் வெளியிட்ட 'சைக்ளோபீடியா' அகரவரிசையில் அமைந்தது. அகரவரிசை அறிவைத் துண்டு துண்டாகச் சிதற அடித்துவிடும் என்பதை உணர்ந்திருந்த அவர், கலைகள் ஒன்றிலிருந்து ஒன்று கிளைக்கும் விதத்தை முகவுரையிலேயே ஒரு வரைபடமாக வகுத்து, ஒவ்வொரு கிளைக்கும் உரிய தலைப்புகளை அதன் அடிக்குறிப்பில் தொகுத்துக் கொடுத்தார். 1751-ல் பாரிசில் டிடரோவும் டலம்பேரும் தொடங்கிய பெருங்களஞ்சியத்தின் முதல் தொகுதியிலும் இத்தகைய ஒரு வரைபடம் உண்டு. பிரான்சிஸ் பேக்கனின் பாகுபாட்டை ஆதாரமாகக் கொண்ட அது, ஞாபகம், பகுத்தறிவு, கற்பனை என்ற மூன்று மனோசக்திகளிலிருந்து சரித்திரம், தத்துவம், காவியம் என்ற மூன்று பெருங்கிளைகளைப் பிரித்துக் காட்டுகிறது. இதில் கவனிக்கத்தக்க சூட்சுமம் ஒன்றுண்டு. அக்காலத்து ஐரோப்பாவில் சகல சாஸ்திரங்களுக்கும் தலையாகக் கருதப்பட்ட இறையியலைத் தத்துவத்தின் கிளைகளுள் ஒன்றாக இறக்கிவைத்த அந்த ஆசிரியர்கள், குறிசொல்லுதலையும் பில்லிசூனியத்தையும் அதற்குப் பக்கத்திலேயே குடியமர்த்தினார்கள். கட்டுரையில் எழுதியிருந்தால் தணிக்கையாளரின் பேனா உடனே பாய்ந்திருக்கக்கூடிய ஒரு கருத்தை, வெறும் இடவைப்பைக் கொண்டே சொல்லிவிட்டார்கள். எதை எதனருகில் வைப்பது என்பதே ஓர் அபிப்பிராயம் ஆகிவிடுகிறது. படப்பக்கத்தை அமைப்பவர் தாம் அபிப்பிராயம் எதுவும் சொல்லவில்லை, அடுக்கத்தான் செய்தேன் என்று தப்பித்துக்கொள்ள இயலாது.

இந்த ஆசையின் மிகப் பெரிய பரீட்சை 1974-ல் நடந்தது. பிரிட்டானிக்காவின் 15-ஆம் பதிப்பு, மார்ட்டிமர் ஆட்லர் வகுத்த திட்டப்படி மூன்று பகுதிகளாக வெளிவந்தது: குறுங்கட்டுரைகள் அடங்கிய மைக்ரோப்பீடியா 10 தொகுதிகள், நெடுங்கட்டுரைகள் அடங்கிய மேக்ரோப்பீடியா 19 தொகுதிகள், இவ்விரண்டுக்கும் தலைவாயிலாக அறிவு முழுவதையும் பத்துப் பிரிவுகளில் வகுத்துக் காட்டும் புரோப்பீடியா ஒரு தொகுதி. இத்தனை நுட்பமான வரைவு இருக்கும்போது அகரவரிசைச் சுட்டி எதற்கு என்று எண்ணியோ என்னவோ, தனிச் சுட்டித் தொகுதியை விட்டுவிட்டார்கள். வாசகர்களும் நூலகர்களும் ஓயாது குறை கூறியதன் பயனாக, 1985-ல் இரண்டு தொகுதிகளில் சுட்டி திரும்பி வந்தது. பண்டிதர்கள் பல ஆண்டுகள் கூடி வகுத்த வரைபடம் இருந்தும், சாதாரண வாசகர் தமக்கு வேண்டியதைப் பெயர் சொல்லித்தான் தேடினார். வரைபடத்தின் வழியாகச் செல்வதற்கு அவருக்குப் பொறுமையும் இல்லை, அது அவருடைய கடமையும் இல்லை. இணையத்தில் படப்பக்கம் அமைக்கப் புகுவோர் தம் மேசை மேல் எழுதி ஒட்டிவைத்துக்கொள்ளத் தகுந்த சரித்திரம் இது.

இவையெல்லாம் எழுத்தால் ஆன வரைபடங்கள். படமே வழியாக அமைந்த நூலைக் காணவேண்டுமானால், 1658-ல் நியூரம்பர்க் நகரில் கொமேனியஸ் வெளியிட்ட 'ஆர்பிஸ் சென்சுவாலியம் பிக்டஸ்' என்ற பிள்ளைகள் நூலிடம் செல்லவேண்டும். 150 அத்தியாயங்கள், ஒவ்வொன்றின் தலையிலும் மரக்கட்டையில் செதுக்கிய ஒரு சித்திரம், சித்திரத்தில் உள்ள ஒவ்வொரு பொருள் மேலும் ஓர் எண், கீழே லத்தீனிலும் ஜெர்மனிலும் ஓடும் வாக்கியங்களில் அந்தப் பொருள் வரும் இடத்தில் அதே எண். இன்று ஒரு படத்தின் பகுதிகளைத் தொட்டால் தனித்தனிக் கட்டுரைகள் திறக்கும்படி அமைக்கிறோமே, அந்த யுக்தியின் முழு லட்சணமும் அதில் இருக்கிறது. விரலுக்குப் பதில் கண் போய்வருகிறது, அவ்வளவே. தச்சர் பட்டறை, ரொட்டிக்கடை, தோட்டம், கப்பல் ஆகியவற்றில் இந்த ஏற்பாடு அபாரமாகப் பொருந்துகிறது; ஏனெனில் அங்கே உளி இருக்கும் இடத்தில் உளி இருக்கிறது, பாய்மரம் நிற்கும் இடத்தில் பாய்மரம் நிற்கிறது. ஆனால் மனித ஆன்மா என்ற அத்தியாயத்துக்கு வந்ததும், சித்திரக்காரர் என்ன செய்வார் பாவம்! விரித்த திரையொன்றின் மேல் புள்ளிகளாலேயே மனித உருவம் ஒன்றை வரைந்து நிறுத்திவிட்டார். அந்தப் புள்ளி உருவத்தைப் பார்த்து ஆன்மாவை யாரும் அறிந்துகொள்ளப் போவதில்லை. ஆன்மா என்ற தலைப்பைப் படித்தவர்தாம் புள்ளி உருவத்தின் பொருளை அறிந்துகொள்கிறார். அதாவது, வழி தலைகீழாகிவிட்டது.

படம் வழிகாட்டியாக முழு வெற்றி பெறும் உதாரணம் ஒன்று வேண்டுமானால் தனிம அட்டவணையைச் சொல்வேன். விக்கிப்பீடியாவில் எத்தனையோ மொழிகளில், 118 கட்டங்களும் 118 கட்டுரைகளுக்கு வாயிலாகும்படி அதை அமைத்திருக்கிறார்கள். வெள்ளியைத் தேடி வருகிறார் ஒருவர் என்று வைத்துக்கொள்வோம். 47 என்ற எண்ணோடு அது நிற்கும் கட்டத்துக்கு நேர் மேலே 29-ஆம் தனிமமாகிய செம்பும், நேர் கீழே 79-ஆம் தனிமமாகிய தங்கமும் நிற்பதை, வெள்ளியைத் தொடும் முன்பே அவர் கண்டுவிடுகிறார். நாணயம் அடிப்பதற்கு மனிதர்கள் வெகு காலமாகக் கையாண்ட மூன்று உலோகங்களும் ஒரே நிரலில் வந்து நிற்பானேன் என்ற கேள்வி, ஆசிரியர் யாரும் எழுப்பாமலே அவர் மனத்தில் எழுகிறது. அகரவரிசைப் பட்டியலில் செம்பு ஓரிடத்திலும் தங்கம் ஓரிடத்திலும் வெள்ளி கடைசியிலுமாகச் சிதறிக் கிடக்குமே தவிர இந்த உறவு புலப்படாது. இங்கே படம் கட்டுரைக்கு வழிகாட்டுவதோடு நிற்காமல், தானே பாதிக் கட்டுரையாகவும் இருக்கிறது.

அந்த அட்டவணையின் மற்றொரு பெருமை, இல்லாததையும் காட்டக்கூடியது என்பது. 1869-ல் மெண்டலீவ் தம் அட்டவணையை வெளியிட்டபோது, அக்காலத்தில் கண்டுபிடிக்கப்படாத தனிமங்களுக்கு வெற்றிடம் விட்டுவைத்தார் என்பதும், பின்னர் அவ்விடங்கள் ஒவ்வொன்றாக நிரம்பின என்பதும் ரசாயன மாணவர் அனைவரும் அறிந்ததே. அண்மையில், 113, 115, 117, 118 ஆகிய நான்கு இடங்களுக்கும் 2016 நவம்பரில் பெயர் சூட்டப்பட்டு ஏழாம் வரிசை பூர்த்தியாயிற்று. கலைக்களஞ்சியத்துக்கு இந்த வெற்றிடம் மிக அவசியமானது. விக்கிப்பீடியாவில், இன்னும் எழுதப்படாத கட்டுரைக்குச் செல்லும் இணைப்பு சிவப்பு எழுத்தில் தோன்றி, இங்கே ஒருவர் எழுதவேண்டும் என்று அழைக்கிறது. அழகிய படமொன்றைக் கட்டத்தில் மாட்டிவிட்டாலோ இந்தச் சிவப்பு மறைந்துபோகிறது. பின்னால் நான்கு வரிக் குறுங்கட்டுரைதான் இருக்கிறது, அதுவும் அரைகுறை என்பது, பளபளக்கும் அந்தப் படத்தைப் பார்த்தால் யாருக்குத் தெரியும்? படப்பக்கங்களின் பிரதான தோஷங்களுள் இதையும் ஒன்றாக எண்ணுகிறேன்: களஞ்சியத்தின் ஏழ்மையை அவை மூடிவிடுகின்றன.

இனி, இடமும் கிரமமும் இல்லாத விஷயங்களுக்கு வருவோம். பன்னிரண்டு கட்டங்கள் கொண்ட ஒரு முகப்பைக் கற்பனை செய்துகொண்டால், சட்டத்துக்குத் தராசு, பொருளாதாரத்துக்கு நாணயக் குவியல், விஞ்ஞானத்துக்குக் கண்ணாடிக் குடுவை, தத்துவத்துக்கு மோவாயைக் கையில் தாங்கிய ரோதேனின் சிலை என்று சின்னங்கள் தாமே வந்து உட்கார்ந்துகொள்ளும். தராசைக் கண்டு சட்டத்தை நினைப்பவர் முன்பே அந்தச் சங்கேதத்தில் பரிச்சயம் உள்ளவர். அந்தப் பரிச்சயம் இல்லாத சிறுவனுக்கு அது மளிகைக்கடையாகவும் இருக்கலாம். ஆக, வழி தெரியாதவருக்கென்று வைத்த பலகை வழி தெரிந்தவருக்கே விளங்குகிறது. கீழே 'சட்டம்' என்று எழுதிவிட்டால் போயிற்று என்பார்கள். எழுதியபின் தராசுக்கு அங்கே என்ன வேலை? இதைக்காட்டிலும் அபாயமானது, ஒரு படம் தன் துறையின் பிரதிநிதியாக அமர்ந்துகொண்டு மற்றவற்றை வெளியே தள்ளிவிடுவது. சமயம் என்ற கட்டத்தில் எந்தப் படத்தை இட்டாலும் இடாத படங்கள் யாவும் வழக்குத் தொடுக்கும். இலக்கியம் என்றால் இறகுப் பேனாவும் மைக்கூடும் என்ற ஐரோப்பியச் சின்னத்தை அப்படியே எடுத்து மாட்டினால், ஓலையிலும் எழுத்தாணியிலும் ஈராயிரம் ஆண்டு வாழ்ந்த ஓர் இலக்கியத்தின் முகப்பு அந்நிய முத்திரையைத் தாங்கி நிற்கும்; ஓலையையும் எழுத்தாணியையும் மாட்டினாலோ, நேற்று அச்சான நாவல் அங்கே தனக்கு இடமில்லை என்று எண்ணும். எழுத்துக்கு இந்தச் சங்கடம் இல்லை. 'இலக்கியம்' என்ற தலைப்பின்கீழ் ஓலைக்கும் நாவலுக்கும் தாராளமாக இடமுண்டு.

வெளியிலிருந்து பார்ப்போர் அறியாத ஒரு சிக்கலையும் இங்கே சற்று விரிவாகச் சொல்லவேண்டும். விக்கிப்பீடியாவில் ஒரு படத்தைச் சொடுக்கினால், சாதாரணமாக அந்தப் படத்தின் விவரமே திறக்கும்: எடுத்தவர் யார், எந்த உரிமத்தின்கீழ்க் கொடுத்தார் என்பன போன்ற செய்திகள். யானையின் படத்தைத் தொட்டால் யானைக் கட்டுரைக்குப் போகலாம் என்று எண்ணித் தொட்டவர், படம் எடுத்தவரின் பெயருக்கு முன்னால் போய் நிற்கிறார். இது பிழையன்று, நியாயம். படத்தை இலவசமாக வழங்கியவர் தம் பெயர் குறிக்கப்படவேண்டும் என்பதை நிபந்தனையாக வைத்திருக்கும்போது, அந்தப் பெயருக்குச் செல்லும் வழியை அடைத்துவிட்டுப் படத்தை மட்டும் வாயிற்கதவாகப் பயன்படுத்துவது அறமாகாது. படத்தைத் தொட்டால் கட்டுரை திறக்கும்படி மாற்றியமைக்கத் தொழில்நுட்பத்தில் வழி உண்டு. ஆனால் பதிப்புரிமை இல்லாத படங்களுக்கு மட்டுமே அதைத் தயக்கமின்றிச் செய்யலாம். ஒரே படத்தின் பல பகுதிகளுக்குப் பல இணைப்புகள் கொடுக்கும் வசதியில், மூலையில் ஒரு சிறு நீலக் குறியை வைத்து, அதைத் தொட்டால் படத்தின் விவரம் வரும்படி செய்திருப்பது ஒரு நல்ல சமாதானம். இருந்தாலும் இதன் விளைவு ஆழமானது. படப்பக்கம் அமைப்பவர் எந்தப் படம் விஷயத்தைச் சிறப்பாகச் சொல்கிறது என்று தேடுவதற்குப் பதில், எந்தப் படத்துக்கு உரிமைத் தொல்லை இல்லை என்று தேடத் தொடங்குகிறார். பழைய ஓவியங்களும், பதிப்புரிமை பெரும்பாலும் இல்லாத நாசாவின் படங்களும் மீண்டும் மீண்டும் வருவதற்கு இது ஒரு முக்கிய காரணம். பூமி என்றதும் 1972 டிசம்பரில் அப்பல்லோ 17-லிருந்து எடுத்த அந்த ஒரே நீல உருண்டை நம் கண் முன் வந்து நிற்பதில், அதன் அழகுக்கு உள்ள பங்கைப்போலவே உரிமச் சௌகரியத்துக்கும் ஒரு பங்கு உண்டு.

கட்டங்களின் அளவு பற்றியும் விவாதம் உண்டு. எல்லாக் கட்டங்களும் ஒரே அளவாக இருந்தால், பல்லாயிரம் கட்டுரைகள் உள்ள துறையும் நாற்பது கட்டுரைகள் உள்ள துறையும் சமமாகத் தோன்றுகின்றன என்று குறைகூறுவோர், கட்டுரை எண்ணிக்கைக்குத் தக்கபடி கட்டங்களைப் பெரிதும் சிறிதுமாக வரையலாம் என்கிறார்கள். நேர்மையான யோசனைதான், ஆனால் அப்படி வரைந்த படம் அறிவின் உருவத்தைக் காட்டாமல் களஞ்சியத்தின் உருவத்தையே காட்டும். பிலிப்பைன்ஸ் நாட்டுச் செபுவானோ மொழியின் விக்கிப்பீடியாவில் 60 லட்சத்துக்கு மேற்பட்ட கட்டுரைகள் உள்ளன. சுவீடனைச் சேர்ந்த ஸ்வெர்க்கர் யோஹான்சன் உருவாக்கிய எல்எஸ்ஜேபாட் என்ற தானியங்கி நிரல் எழுதியவை அவற்றுள் பெரும்பாலானவை. உயிரினங்களும் ஊர்களும் ஆறுகளும் மலைகளுமாகிய அவற்றை அளவுப்படி வரைந்தால், மனிதர்கள் எழுதிய இசையும் சட்டமும் ஓர் ஓரத்தில் எறும்பளவு இடத்தில் ஒடுங்கிவிடும். அன்றியும், பரப்பைப் பார்த்து எண்ணிக்கையை மதிப்பிடும் விஷயத்தில் நம் கண் நம்பத்தக்கதன்று. 1925-ல் வியன்னாவில் ஒரு சமூகப் பொருளாதாரக் காட்சிசாலையை நிறுவி, எண்களைச் சித்திரங்களாக்கிச் சாமானியருக்குக் காட்டும் முறையை வளர்த்த ஓட்டோ நியூராத் இதை நன்கு அறிந்திருந்தார். தொகை பெருகினால் சித்திரத்தைப் பெரிதாக்காதீர்கள், ஒரே அளவுள்ள சித்திரங்களை அதிக எண்ணிக்கையில் அடுக்குங்கள் என்பது அவர் வகுத்த விதி. பின்னாளில் 'ஐசோடைப்' என்று பெயர்பெற்ற அந்த முறைக்கு கெர்ட் ஆர்ன்ட்ஸ் என்ற கலைஞர் ஆயிரக்கணக்கான சின்னங்களைச் செதுக்கிக் கொடுத்தார். விஞ்ஞான ஒருமைக்கென்று தாம் திட்டமிட்ட சர்வதேசக் கலைக்களஞ்சியத்துக்குத் துணையாக ஒரு சித்திரக் கோவையையும் நியூராத் மனத்தில் வைத்திருந்தார். 1945-ல் அவர் காலமாகிவிட்டதால் அது கைகூடவில்லை. அவ்வளவு தூரம் சித்திரத்தில் நம்பிக்கை கொண்டிருந்தவரும், சித்திரம் தனியே எல்லாவற்றையும் சொல்லிவிடும் என்று நம்பியவரல்லர். சொல்லின் துணை அதற்கு வேண்டும் என்பதில் அவருக்குச் சந்தேகம் இருந்ததில்லை.

பராமரிப்பு என்பது யாரும் விரும்பிப் பேசாத அத்தியாயம். படப்பக்கத்தைத் தொடங்குவதற்கு இருக்கும் உற்சாகம் அதைக் காப்பதற்கு இருப்பதில்லை. ஆங்கில விக்கிப்பீடியாவில் 2018-ல் வலைவாசல் முறையையே ஒழித்துவிடலாம் என்ற யோசனை எழுந்து, நெடிய வாக்குவாதத்துக்குப் பின் நிராகரிக்கப்பட்டது. வலைவாசல்கள் பிழைத்தன, ஆனால் பிழைத்த மகிழ்ச்சியில், கைவேலை அதிகம் இல்லாமலே அரைத்தானியங்கி முறையில் ஆயிரக்கணக்கான புதிய வலைவாசல்களைப் படைக்கத் தொடங்கினார்கள். கட்டுரைகளின் அடியில் ஏற்கெனவே இருக்கும் வழிகாட்டிப் பெட்டியில் உள்ள இணைப்புகளையே எடுத்துப் படங்களோடு சுழலவிட்ட அப்பக்கங்களால், பெட்டியில் இல்லாத பிரயோஜனம் எதுவும் விளையவில்லை என்ற கண்டனம் எழுந்து, 2019-ல் அவை கூட்டம் கூட்டமாக நீக்கப்பட்டன. இதில் நீக்கியோர் பக்கமே நான் நிற்பேன். ஒரு துறையை அறிந்தவர் இன்ன கட்டுரையை முதலில் படியுங்கள், இன்னதை அப்புறம் படியுங்கள் என்று தம் விவேகத்தைக் கொண்டு வரிசைப்படுத்துவதே முகப்புக்கு உயிர். அந்த விவேகத்தை இயந்திரத்திடம் ஒப்படைத்தபின் எஞ்சுவது படச்சுருள்தான்.

வாசகரில் பெரும்பாலோர் தேடுபொறி வழியாக நேரே கட்டுரைக்குள் வந்து இறங்குகிறார்கள், முகப்பை அவர்கள் பார்ப்பதே இல்லை என்ற வாதத்தை இதனோடு சேர்த்துச் சொல்வதுண்டு. உண்மைதான். ஆனால் அதனால் முகப்பே வேண்டாம் என்ற முடிவு பெறப்படாது; முகப்பில் செலவிடும் உழைப்பில் ஒரு பகுதியைக் கட்டுரைக்குள்ளேயே செலவிடவேண்டும் என்பதே பெறப்படும். சூரிய மண்டலத்தின் படத்தை வானியல் முகப்பில் மட்டும் வைத்திருப்பதைவிடச் செவ்வாய்க் கட்டுரையின் அடியிலும் வைத்தால், தேடுபொறி கொண்டுவந்து விட்ட வாசகர் அங்கிருந்து வியாழனுக்குச் செல்வார்.

கண் பார்வையற்றோர் திரைவாசிப்பானின் துணைகொண்டு கேட்டுப் படிக்கிறார்கள். படத்துக்கு மாற்று உரை எழுதாமல் விட்டால், பன்னிரண்டு கட்டங்களைக் கொண்ட நம் அழகிய முகப்பு அவர்களுக்குப் பன்னிரண்டு கோப்புப் பெயர்களாகவே ஒலிக்கக்கூடும். கைப்பேசியிலோ இன்னொரு தொல்லை. ஆங்கிலத்தில் ஐந்தாறு எழுத்தில் அடங்கும் தலைப்புக்கு அளவெடுத்து வரைந்த கட்டத்தில் 'தகவல் தொழில்நுட்பம்' என்பதையோ 'நிலவியல் அமைப்புகள்' என்பதையோ இட்டால், சொல் நடுவே முறிந்து, ஒற்றெழுத்து ஒன்று அடுத்த வரியின் தலையில் அநாதையாக வந்து நிற்கும். தமிழுக்கென்று முகப்பு அமைப்பவர் முதலில் தம்மிடம் உள்ள மிக நீண்ட தலைப்பை எழுதிப் பார்த்து, அதன்பின் கட்டத்தின் அகலத்தைத் தீர்மானிப்பதே உசிதம்.

பூகோளம் படத்துக்கே உரிய சாம்ராஜ்யம் என்றாலும், மேற்சொன்ன குணங்களும் தோஷங்களும் ஒருங்கே வெளிப்படுவது அங்கேதான். மாநிலங்களைத் தொட்டால் கட்டுரைகள் திறக்கும் இந்திய வரைபடத்தை எடுத்துக்கொள்வோம். ஒரு மாநிலத்தின் பெயர் நாவில் வராமல், வங்கதேசம் மூன்று பக்கம் சூழ்ந்திருக்குமே அந்த மாநிலம் என்று இருப்பிடம் மட்டும் நினைவில் உள்ளவருக்குத் திரிபுராவைக் காட்டிக்கொடுக்கும் சக்தி தேடுபெட்டிக்கு எளிதில் இல்லை, வரைபடத்துக்கு உண்டு. ஆனால் அந்த வரைபடம் இயங்குவதற்கு ஒவ்வொரு மாநிலத்தின் எல்லையையும் புள்ளி புள்ளியாக அளந்து எண்களாக எழுதிவைக்கவேண்டும். 2014 ஜூன் 2-ல் தெலங்கானா பிறந்தது. 2019 அக்டோபர் 31-ல் ஜம்மு காஷ்மீர் இரண்டு யூனியன் பிரதேசங்களாயிற்று. 2020 ஜனவரி 26-ல் தாத்ரா நகர் ஹவேலியும் தாமன் தியூவும் ஒன்றாயின. பட்டியலாக இருந்தால் ஒரு வரியைச் சேர்த்து, ஒரு வரியை அடித்துவிட்டுப் போகலாம். வரைபடத்திலோ படத்தையும் திருத்தி எண்களையும் திருத்தவேண்டும். படம் விக்கிமீடியா பொதுவகத்தில் எல்லா மொழிகளுக்கும் பொதுவாக இருக்கிறது. எண்களோ ஒவ்வொரு மொழியின் விக்கிப்பீடியாவிலும் தனித்தனி வார்ப்புருவில் இருக்கின்றன. பொதுவகத்தில் ஒருவர் புதிய படத்தைப் பழைய பெயரிலேயே ஏற்றிவிட்டால், எல்லா மொழிகளிலும் படம் உடனே மாறிவிடும், இணைப்புகள் பழைய எல்லையிலேயே நின்றுவிடும். ஹைதராபாத்தைத் தொட்டவர் ஆந்திரப் பிரதேசக் கட்டுரைக்குள் போய் விழுவார். எழுத்துப்பிழையைப்போல் கண்ணுக்குத் தெரியும் பிழையன்று இது, தொட்டுப் பார்த்தாலன்றி வெளிப்படாதது. தகராறில் உள்ள எல்லைகளை எப்படி வரைவது என்ற சச்சரவு வேறு. அதற்குள் நான் புகவில்லை.

அளவைப் பொறுத்த சங்கடத்தைக் கணக்குப் போட்டே பார்த்துவிடலாம். கிழக்கு மேற்காக 2,933 கிலோமீட்டர் விரியும் இந்தியாவை 360 பிக்சல் அகலமுள்ள கைப்பேசித் திரையில் அடக்கினால், ஒரு பிக்சலுக்கு எட்டுக் கிலோமீட்டர் ஆகிறது. அறுபது கிலோமீட்டர் அகலமுள்ள கோவா ஏழெட்டுப் பிக்சலில் முடிந்துவிடும். இணையப் பக்கங்கள் எல்லோருக்கும் எட்டும்படி இருக்கவேண்டும் என்பதற்காக வகுக்கப்பட்ட சர்வதேச நெறிகளின், 2023-ல் வெளிவந்த 2.2-ஆம் பதிப்பு, தொடும் இடம் குறைந்தபட்சம் 24-க்கு 24 பிக்சலாவது இருக்கவேண்டும் என்கிறது. வரைபடம் போன்றவற்றுக்கு அதில் விலக்கு உண்டென்றாலும், விலக்கு அளிப்பதால் விரல் சிறுத்துவிடாது. ஆகையால் வரைபடத்தின் கீழே எல்லா மாநிலங்களின் பெயர்ப் பட்டியலும் கட்டாயம் இருக்கவேண்டும். பிரிட்டானிக்கா பதினோரு ஆண்டு தாமதித்துச் செய்ததை இணையத்தார் முதல் நாளே செய்துவிடலாம். பட்டியலை முதலில் எழுதி, அது சரிதானா என்று பார்த்துக்கொண்டு, அதன்பின் அதன்மேல் படத்தை வரைவதே நல்ல கிரமம் என்று நான் கருதுகிறேன். படத்தை முதலில் செய்தவர்களுக்குப் பட்டியல் எழுதும் பொறுமை பெரும்பாலும் மிச்சமிருப்பதில்லை.

பட்டியல் இருக்கும்போது வரைபடம் எதற்கு என்று கேட்போருக்குப் புதுச்சேரியைக் காட்டலாம். பட்டியலில் அது ஒரே ஒரு வரி. வரைபடத்திலோ அது நான்கு இடங்களில் இருக்கிறது: தமிழகக் கரையில் புதுச்சேரியும் காரைக்காலும், ஆந்திரத்தில் கோதாவரிக் கழிமுகத்தை ஒட்டி யானம், மலையாளக் கரையில் ஒன்பதே சதுர கிலோமீட்டர் பரப்புள்ள மாஹே. மேற்படி கணக்குப்படி மாஹேக்கு ஒரு முழுப் பிக்சல்கூடக் கிடைக்காது. வரைபவர் ஒரு வட்டமிட்டுக் கோடிழுத்துக் காட்டினால்தான் அது கண்ணில் படும். அப்படி ஒருவர் சிரமப்பட்டு வட்டமிட்டுவைத்திருக்க, கேரளத்தின் ஏதோ ஓர் ஊர் என்று எண்ணி அதைத் தொடும் வாசகர் புதுச்சேரிக் கட்டுரைக்குள் வந்து நின்று, இணைப்புத் தவறிவிட்டதோ என்று திகைக்கிறார். திகைத்தவர் கீழே படித்து, பிரெஞ்சுக்காரர் வசம் இருந்த இந்த நான்கு ஊர்களின் ஆட்சியும் 1954 நவம்பர் முதல் தேதி இந்தியாவின் கைக்கு வந்ததையும், சட்டப்படி அது முற்றுப்பெற 1962 ஆகஸ்ட் 16 வரை சென்றதையும் தெரிந்துகொள்கிறார். பட்டியலில் புதுச்சேரி என்ற ஒரு வரியைத் தொட்டுச் சென்றவருக்கு மாஹேயின் ஞாபகமே வந்திராது.